ஓ.பி. சீட்டில் ஓர் ஓ.பி.: ஹவுஸ் சர்ஜன்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள ஹவுஸ் சர்ஜன் பிள்ளைகளுக்கு,

அரசு மருத்துவமனையில் செவிலியராக இருந்த 34 ஆண்டுகளும் உங்கள் வயதுக்காரர்களை 'டாக்டர்' என்றுதான் கூப்பிட்டேன். முதல் நாள் வார்டுக்குள் வந்து, எந்தக் கட்டில் எங்கே இருக்கிறது என்று தெரியாமல் விழித்துக்கொண்டு நின்றாலும் அவர் டாக்டர்தான், நான் சிஸ்டர்தான். 2018இல் ஓய்வுபெற்றுவிட்டேன். இனி 'பிள்ளைகளே' என்று கூப்பிட்டால் யாரும் மெமோ கொடுக்க முடியாது என்பதால் அந்த உரிமையை எடுத்துக்கொள்கிறேன்.

இந்த மடலை எழுத வைத்தது ஓர் ஓ.பி. சீட்டு. என்னுடைய சீட்டு. குளியலறையில் வழுக்கி விழுந்து கையை ஊன்றியதில் இடது மணிக்கட்டு முறிந்துவிட்டது. மாவுக்கட்டுப் போட்டு ஆறு வாரம் கழித்துப் பிரித்தார்கள். பிரித்த அன்று எலும்பு ஓ.பி.யில் இருந்த இளம் மருத்துவர் எக்ஸ்ரேயைச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார், சீட்டில் ஏதோ எழுதினார், "ஒரு ஸ்கேன் எடுத்துட்டு வாங்கம்மா" என்றார். வெளியே வந்து சீட்டைப் பார்த்தேன். ஒரு கேள்விக்குறி. அதன் பக்கத்தில் ஆங்கிலத்தில் இரண்டே எழுத்து: ஓ.பி.

பெஞ்சில் உட்கார்ந்து யோசித்தேன். ஓ.பி.யிலிருந்துதானே வருகிறேன், மறுபடி ஓ.பி.க்கு வரச் சொல்கிறாரா? அதற்கு எதற்குக் கேள்விக்குறி? விஷ வார்டில் அந்த இரண்டெழுத்துக்குப் பூச்சிமருந்து என்று பொருள். நான் எதையும் குடிக்கவில்லை. பிரசவ வார்டில் அதற்குப் பொருளே வேறு. அந்த வயது எனக்கு எப்போதோ போய்விட்டது. திரும்ப உள்ளே போய்க் கேட்டேன். "ஆஸ்டியோபோரோசிஸ்மா" என்றார். எத்தனையோ ஆயிரம் கேஸ் ஷீட்டைப் படித்தவளுக்கு, எலும்பு டாக்டர்களிடம் நாலாவதாக ஓர் ஓ.பி. இருப்பது அன்றைக்குத்தான் உறைத்தது.

பெஞ்சில் பக்கத்தில் இருந்த பாட்டி கேட்டார்: "என்ன தாயி சொன்னாரு டாக்டரு?"

"எலும்பு உளுத்திருக்கான்னு பாக்கணுமாம் ஆச்சி."

"வீட்டு உத்தரம் உளுக்குமே, அது மாதிரியா?"

"அதே மாதிரிதான்."

"அப்ப வெளிய பாத்தாத் தெரியாதுல்லா. பாரம் ஏறுறப்பத்தான் தெரியும்."

எலும்பு மெலிவது வலிக்காது, வெளியே தெரியாது, விழுந்து முறியும்போதுதான் பலருக்கு முதல் சேதியே வரும். உங்கள் பாடப்புத்தகத்தில் ஒரு பத்தி அளவுக்கு இருக்கிற இந்தச் செய்தியை அந்த ஆச்சி உத்தரத்தை வைத்துப் புரிந்துகொண்டுவிட்டார். இரண்டெழுத்தைக் கையில் வைத்துக்கொண்டு முழித்தவள் நான்தான். அன்று முதல் இந்த ஓ.பி. என்னை விடவில்லை.

எல்லாருக்கும் தெரிந்த ஓ.பி.யிலிருந்து தொடங்குகிறேன். கட்டடத்தின் நெற்றியில் 'புறநோயாளிகள் பிரிவு' என்று எழுதியிருக்கும். நல்ல தமிழ்தான். ஆனால் நான் பணியில் இருந்த காலமெல்லாம் ஒருவர்கூட என்னிடம் வந்து 'புறநோயாளிகள் பிரிவு எங்கே' என்று கேட்டதில்லை. "ஓ.பி. சீட்டு எங்க போடுறாக?" என்பார்கள். "ஓ.பி. முடிஞ்சிருச்சா?", "ஓ.பி.யில எந்த டாக்டரு?", "ஓ.பி.க்கு ரெண்டு தடவ வந்துட்டேன்." வேற்றுமை உருபெல்லாம் அழகாக வந்து ஒட்டிக்கொள்ளும். எழுதப் படிக்கத் தெரியாதவர் வாயிலும் அது 'ஓப்பி' என்று ஒரே சொல்லாக, வீட்டுச் சாமானின் பெயர் மாதிரி வரும். சுருக்கம் என்பதே அவர்களுக்குத் தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை. பஸ், பேனா போல அது தமிழாகிவிட்டது.

அந்தச் சொல்லுக்குள் ஒரு முழு நாள் இருக்கிறது. முதல் பஸ்ஸைப் பிடிக்கும் அவசரம், சீட்டு வரிசை, டாக்டர் அறை வரிசை, ரத்தம் கொடுக்கும் வரிசை, ஊசி, மாத்திரை வாங்கும் சன்னல். மதியம் ஊர் திரும்பும்போது ஒரு நாள் கூலி போயிருக்கும். மில்லில் வேலை பார்ப்பவர் என்றால் மறுநாள் சூப்பர்வைசரிடம் சீட்டைக் காட்ட வேண்டும். அந்தத் தாள் உங்களுக்கு மருந்து எழுதும் இடம், அவருக்கு வருகைச் சான்று. தேதியைக் கிறுக்கி வைத்தால் அங்கே ஒரு நாள் சம்பளம் வெட்டுப்படும்.

வெட்டுப்பட்டால் அவருக்குக் கிடைக்கும் பெயர் என்ன தெரியுமா? 'ஓ.பி. அடிக்கிறவன்.' வேலைக்கு டிமிக்கி கொடுப்பதற்குத் தமிழ்நாடு முழுக்க வழங்கும் சொல் அது. பட்டாளத்து அவுட்பாஸிலிருந்து வந்தது என்பார் எங்கள் வாட்ச்மேன், அவர் முன்னாள் ராணுவக்காரர். எங்கள் மருந்தாளுநர் அதை ஒத்துக்கொள்ளவே மாட்டார். ஓ.பி.க்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டுச் சினிமாவுக்குப் போனவர்களால் வந்தது என்று சத்தியம் செய்வார். நீங்களும் அந்த வார்த்தையைச் சொல்வீர்கள்: "அந்தாளு சும்மா வர்றாரு சிஸ்டர், வேலைக்கு ஓ.பி. அடிக்கிறாரு." சிலர் அடிப்பதும் உண்டுதான். ஆனால் நாலு மணிக்கு எழுந்து, இரண்டு பஸ் மாறி, மூன்று வரிசையில் நின்று யாரும் சோம்பேறித்தனம் பண்ண மாட்டார்கள். அதைவிட வேலைக்குப் போவது சுலபம்.

அடுத்த ஓ.பி.க்கு வருகிறேன். இதைச் சொல்லத்தான் இவ்வளவு சுற்றினேன்.

1996, தை மாதம். நான் கேஷுவால்ட்டியில் பகல் பணி. கரிசல் காட்டில் பருத்திக்கு மருந்தடிக்கும் சமயம். ஒரு விவசாயி, நாற்பது வயதிருக்கும், முதுகில் மாட்டும் டேங்கை வைத்துக்கொண்டு விடியற்காலையிலிருந்து மருந்தடித்திருக்கிறார். டேங்கில் ஒழுக்கு. சட்டை போடாத முதுகில் மருந்து வழிந்துகொண்டே இருந்திருக்கிறது. தலை சுற்றி வாந்தி எடுத்ததும், மனைவி பக்கத்து ஊர் கிளினிக்குக்குக் கூட்டிப்போனார். அங்கிருந்த மருத்துவருக்கு நோய் உடனே பிடிபட்டுவிட்டது. ஒரு துண்டுத் தாளில் ஆங்கிலத்தில் 'ஓ.பி. கேஸ்' என்று எழுதி, பெரிய ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள் என்று அனுப்பினார். அவர் செய்தது அத்தனையும் சரி.

வாசலில் இருந்த பணியாளர் தாளை வாங்கிப் பார்த்தார். அவருக்குப் படிக்கத் தெரிந்த இரண்டு ஆங்கில எழுத்து அதில் இருந்தது. ஓ.பி. வரிசையைக் கை காட்டினார். அவர் செய்ததும் சரிதான்.

ஸ்டோருக்கு இண்டென்ட் கொடுக்கப் போன நான் அந்த வராந்தா வழியாகத் திரும்பினேன். தைக் குளிருக்கு எல்லாரும் துண்டைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்க, ஒரு மனிதர் மட்டும் தலைமுதல் கால்வரை வேர்வையில் நனைந்திருந்தார். வாயோரம் எச்சில் ஒழுகியது. "குடிச்சிட்டு வந்திருக்கான் சிஸ்டர்" என்றார் பக்கத்தில் நின்றவர். குனிந்தேன். சாராய வாடை இல்லை, வெள்ளைப்பூண்டும் மண்ணெண்ணெயும் கலந்த மாதிரி ஒரு நெடி. இமையை விலக்கினால் கண்மணி கடுகைவிடச் சின்னதாகச் சுருங்கியிருந்தது. கெண்டைக்கால் சதை தானாகத் துடித்தது. நாற்பது நிமிடமாக அந்தப் பெஞ்சில் இருந்திருக்கிறார்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரிந்த வைத்தியம்தான். துணியைக் கழற்றி, சோப்புப் போட்டு உடம்பு முழுக்கக் கழுவினோம். ஆட்ரோபின் ஓர் ஆம்பியூலில் 0.6 மில்லிகிராம்தான். ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை இரட்டிப்பு, நெஞ்சில் சளிச் சத்தம் அடங்கும்வரை. உடைத்து உடைத்துக் கட்டைவிரல் கிழிந்துபோனது. இரவு பத்து மணிக்கு நெஞ்சு தெளிந்தது. தப்பித்துவிட்டார் என்று எல்லாரும் பேசிக்கொண்டார்கள். மூன்றாம் நாள் காலை, "அண்ணே, தலையத் தூக்குங்க" என்றேன். தலையணையிலிருந்து தலை எழவில்லை. விஷம் ஏறி ஒரு நாளிலிருந்து நாலு நாளுக்குள் வருகிற இந்தத் தசைத் தளர்ச்சியை 1987இல் உலகுக்கு எடுத்துச் சொன்னவர்கள் இலங்கை மருத்துவர்கள், நிமல் சேனாநாயக்கவும் லக்ஷ்மன் கரல்லியத்தவும். எங்கள் சீஃப் அதைப் படித்திருந்ததால் மூச்சு நிற்பதற்கு முன்பே குழாய் போட்டு மெஷினில் வைத்தோம். ஒரு வாரத்துக்கு மேல் ஆனது, பிழைத்துக்கொண்டார்.

வீட்டுக்குப் போகும் அன்று அவர் மனைவி என்னிடம் கேட்டார்: "சீட்டுல ஓ.பி.ன்னு போட்டிருந்தாகன்னு சொன்னாக. அதான் ஓ.பி.யில உக்காந்தோம். எழுதிக் குடுத்தபடி செஞ்சது தப்பா சிஸ்டரம்மா?"

எனக்கு வாயில் வார்த்தை வரவில்லை. அந்த அம்மாவிடம் ஒரு தப்பும் இல்லை. அந்தச் சங்கிலியில் யாரிடமும் தனியாகத் தப்பு இல்லை. தாளில் மட்டும்தான் இருந்தது.

சரி, அந்தக் கிளினிக் டாக்டர் சோம்பல்படாமல் 'ஆர்கனோபாஸ்பரஸ்' என்று முழுசாக எழுதியிருந்தால்? நான் பல ராத்திரி யோசித்தது இதைத்தான். ஒன்றும் மாறியிருக்காது. வாசல்காரருக்கு அந்தச் சொல் படிக்க வராது, படித்தாலும் விளங்காது, ஏதோ நோய் என்று அதே வரிசைக்குத்தான் அனுப்பியிருப்பார். 'பூச்சிமருந்து' என்று தமிழில் இருந்தால் அவரே ஸ்ட்ரெச்சரைத் தள்ளிக்கொண்டு ஓடியிருப்பார். சுருக்கத்தை விரித்து எழுதுங்கள் என்று உங்களுக்கு வகுப்பில் சொல்லிக்கொடுப்பார்கள். எதற்குள் விரிப்பது என்பதுதான் கேள்வி. ஆங்கிலச் சுருக்கத்தை ஆங்கில நீளமாக்கினால், பூட்டிய கதவைப் பெரிய கதவாக்கினதுதான் மிச்சம்.

இன்னொன்று. விஷ வார்டில் ஓ.பி. என்று கேட்டதும், "எதுக்குக் குடிச்சே?" என்று முதல் கேள்வி கேட்டுவிடாதீர்கள். அந்த மனிதர் குடிக்கவில்லை, உழைத்தார். 1958இல் கேரளத்தில் இதே வகை மருந்து கோதுமை மாவில் கலந்துபோய் நூறு பேருக்கு மேல் இறந்தார்கள், அவர்கள் சாப்பிட்டது சாப்பாடு. இனி, மனம் உடைந்து குடித்துவிட்டே வருபவரானாலும், அவரிடம் முதலில் கேட்க வேண்டியது எந்த மருந்து, எத்தனை மணிக்கு என்பதுதான். ஏன் என்பதை அவர் பிழைத்த பிறகு, பக்கத்தில் உட்கார்ந்து, மெதுவாகக் கேட்கலாம்.

பிரசவ வார்டின் ஓ.பி. கொஞ்சம் சிரிக்க வைக்கும். குழந்தையின் பின்மண்டை தாயின் முதுகெலும்புப் பக்கம் இருந்தால் அங்கே ஓ.பி. என்போம். வலி முதுகில் பிடிக்கும், நேரம் இழுக்கும், பெரும்பாலும் குழந்தை தானே திரும்பிக்கொள்ளும். ஒரு முதல் பிரசவக்காரிக்குப் பரிசோதனை முடிந்து, "ஓ.பி. சிஸ்டர், வெயிட் பண்ணலாம்" என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போனார். கதவோரம் நின்ற மாமியார் காதில் அது 'ஆப்பரேஷன்' என்று விழுந்திருக்கிறது. நான் வெளியே வந்தபோது அந்த அம்மா காதில் கிடந்த பாம்படத்தைக் கழற்றி மகன் கையில் கொடுத்து, அடகுக் கடை திறந்திருக்குமா என்று கேட்டுக்கொண்டிருந்தார். அரசு ஆஸ்பத்திரியில் ஆப்பரேஷனுக்குக் காசில்லை என்பதையும் சொல்லி, உள்ளே என்ன நடக்கிறது என்பதையும் கையை வைத்துக் காட்டிச் சொன்னேன்.

"மல்லாக்கக் கெடக்கா? இத மொதல்லயே சொல்லியிருந்தா நான் ஏன் பதறப் போறேன்? இந்தா நிக்கானே, இவனே மல்லாக்கக் கெடந்து, பொழுது சாயத் திரும்பித்தான் பொறந்தான். வெந்நி குடுத்து, இடுப்பத் தேய்ச்சு விடுங்க, திரும்பிக்கிடும்" என்று எனக்கே பாடம் நடத்தினார். பாம்படம் காதுக்குத் திரும்பியது. சாயங்காலம் நாலரைக்குக் குழந்தையும் திரும்பிப் பிறந்தது.

அந்த அம்மாவிடம் இல்லாத அறிவை நாங்கள் கொடுக்கவில்லை. அவரிடம் ஏற்கெனவே இருந்த சொல்லை நாங்கள் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

இன்னும் எத்தனையோ ஓ.பி. இருக்கிறது. முதுகுத் தண்டில் ஊசி போட்டு நீர் எடுக்கும்போது நரம்பு டாக்டர் குறித்துக்கொள்ளும் முதல் அழுத்தம் ஓ.பி. சென்னையில் ஓமந்தூரார் தோட்டத்து மருத்துவமனை இருக்கிறதே, அந்த ஓமந்தூரார் 1947 முதல் 1949 வரை சென்னை மாகாணத்தின் முதல்வராக இருந்த ஓ.பி. ராமசாமி ரெட்டியார். சட்டமன்றத்துக்காகக் கட்டிய கட்டடம் 2014இல் ஆஸ்பத்திரியானது. ஓ.பி.யார் பெயர் சொல்லும் இடத்தில் இன்றைக்கு ஜனங்கள் ஓ.பி. சீட்டுக்கு நிற்கிறார்கள். பின்னால் ஓர் எஸ் சேர்ந்தால் செய்தித்தாள் படிப்பவருக்கு ஓர் அரசியல்வாதி, அரசு ஊழியருக்கோ பழைய ஓய்வூதியத் திட்டம். 2003 ஏப்ரலுக்கு முன்னால் சேர்ந்ததால் எனக்கு அது வாய்த்தது. என் பேரனிடம் இந்த மணிக்கட்டுக் கதையைச் சொன்னபோது, "நீ ஓ.பி. ஆச்சி!" என்றான். நோயாளி என்கிறானோ என்று பார்த்தேன். மொபைல் விளையாட்டில் யாராலும் ஜெயிக்க முடியாத ஆளை அப்படிச் சொல்வார்களாம். உங்களுக்கு அது தெரிந்திருக்கும்.

இத்தனையும் எழுதியதால், சுருக்கமே கூடாது என்று சொல்லும் கிழவி என்று நினைத்துவிடாதீர்கள். ராத்திரிப் பணியில் அறுபது கட்டிலுக்கு இரண்டு பேர் நிற்கும்போது நானும் சுருக்கித்தான் எழுதினேன். முழுசாக எழுதிக்கொண்டிருந்தால் விடிந்துவிடும். ஒரே வார்டுக்குள், ஒரே வேலையைப் பார்ப்பவர்களுக்குள் ஓடும் தாளில் தாராளமாகச் சுருக்குங்கள். நான் கேட்பது, அந்தச் சுவரைத் தாண்டிப் போகிற தாளைப் பற்றி. இன்னொரு ஆஸ்பத்திரிக்கு அனுப்பும் சீட்டு, டிஸ்சார்ஜ் சீட்டு, நோயாளி கையில் போகும் ஓ.பி. சீட்டு. இவை போகும் வழியில் வாசல்காரர், ஆட்டோக்காரர், மருந்துக்கடைப் பையன், ஊர் செவிலியர் என்று யார் யாரோ இருப்பார்கள். அவர்களில் ஒருவர் தப்பாகப் படித்தால் என்ன ஆகும் என்று ஒரு நொடி நினைத்துவிட்டு எழுதுங்கள். மருந்தின் பெயரைப் புரியும்படி, முடிந்தால் பெரிய எழுத்தில் எழுத வேண்டும் என்று மருத்துவக் கவுன்சில் 2016இலேயே விதியைத் திருத்தியது. அது மருந்தின் பெயருக்கு. நோயின் பெயருக்கும் அதே மரியாதையைக் கேட்கிறேன்.

அந்தப் பெயரை எங்கிருந்து எடுப்பது? அகராதியில் தேட வேண்டாம். 'எலும்புப்புரை' என்று எழுதினாலும் அந்த ஆச்சி முழித்திருப்பார். கட்டிலில் இருப்பவரிடமே கேளுங்கள்: "இதுக்கு உங்க ஊர்ல என்ன சொல்லுவீங்க?" உங்களில் பலர் வேறு மாவட்டத்துப் பிள்ளைகள், சிலருக்குத் தமிழே புதுசு. கவலை வேண்டாம். இந்தக் கேள்வியைக் கேட்டால் பாட்டிகள் ஒரு மணி நேரம் பாடம் எடுப்பார்கள். ஓ.பி.யைப் புறநோயாளி என்று திருத்தவும் வேண்டாம். அது அவர்கள் சொல், அவர்களிடமே இருக்கட்டும். மற்ற ஓ.பி.க்களை மட்டும் பூச்சிமருந்து என்றும், மல்லாக்க என்றும், உளுத்த எலும்பு என்றும் அவர்களுடையதாக மாற்றிக் கொடுங்கள்.

இதற்கு அரசாணை எதுவும் தேவையில்லை. ஓ.பி. சீட்டைத் திருப்பிப் பாருங்கள், பெரும்பாலும் காலியாகத்தான் இருக்கும். முன்பக்கம் உங்கள் பாஷையில் என்ன வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளுங்கள். பின்பக்கம் தமிழில் ஒரே ஒரு வரி: என்ன நோய், எங்கே போக வேண்டும். எழுதப் படிக்கத் தெரியாதவர் வீட்டிலும் பள்ளிக்கூடம் போகிற பிள்ளை ஒன்று இருக்கும். அது சாயங்காலம் படித்துச் சொல்லும்.

அடுத்த செவ்வாய்க்கிழமை எனக்கு ரிவியூ. ஸ்கேன் தாளோடு எலும்பு ஓ.பி.க்கு வருவேன். உங்களில் யாராவது அந்த நாற்காலியில் இருப்பீர்கள். சீட்டின் பின்பக்கத்தை மேலே வைத்துத்தான் நீட்டுவேன்.

இப்படிக்கு,
உங்கள் வார்டில் முன்பு இருந்த சிஸ்டர்களில் ஒருத்தி